மத்திகிரி பஸ்ஸில் ஒரு மாய வாரியம்

மந்திரவாதிகளைக் கட்டி மேய்ப்பதற்கென்று ஒரு வாரியத்தை நான் அமைத்தது கம்பெனி பஸ்ஸில், டிரைவருக்குப் பின்னால் மூன்றாவது சீட்டில் உட்கார்ந்துகொண்டு. கதை சொல்லும் ஆசையெல்லாம் எனக்கு எந்தக் காலத்திலும் இருந்ததில்லை. பக்கத்து சீட்டுக்காரி என்னை மிரட்டித்தான் சொல்ல வைத்தாள்.

"எதுனா பேசிக்கினே வாக்கா. நான் தூங்கிட்டேன்னா எனக்கு வாந்தி வரும். வந்தா உன் மேலதான் எடுப்பேன், அப்புறம் என்னைக் கேக்காத."

இப்படியொரு மிரட்டலுக்கு யார்தான் பணியமாட்டார்கள்? அன்று நான் போட்டிருந்தது புதுச் சுடிதார் வேறு.

செல்போன் வாங்கியவர்கள் அதற்குக் கயிறு கட்டிக் கழுத்தில் மாட்டிக்கொண்டு திரிந்த வருடங்கள் அவை. தேனிப் பக்கமிருந்து டிப்ளமோவும் ஒரு சூட்கேஸுமாக ஓசூருக்கு வந்து, மத்திகிரியில் மாட்டுப்பண்ணைக்குப் பின்னால் ஓர் ஒற்றை அறையில் குடியிருந்தேன். முதல் ஷிப்டு ஏழு மணிக்கு. பஸ் ஆறு பத்துக்கே வந்துவிடும். வந்து நேராகக் கம்பெனிக்குப் போகுமா என்றால் போகாது. ஓசூரில் எத்தனை சந்து உண்டோ அத்தனையிலும் நுழைந்து ஆள் பொறுக்கிக்கொண்டு ஐம்பது நிமிடம் கழித்துப் போய்ச் சேரும். அந்த ஐம்பது நிமிடத்தையும் நான் வாயால் நிரப்ப வேண்டும் என்பது அவள் ஏற்பாடு.

அவள் என்னைவிட இரண்டு வயது சின்னவள். உள்ளூர்க்காரி. வீட்டில் தெலுங்கு, டிரைவரிடம் கன்னடம், என்னிடம் தமிழ், சூப்பர்வைசரிடம் மட்டும் மௌனம். அசெம்பிளி லைனில் டிரெய்னியாக இருந்தாள். டிரெய்னி என்றால் இரண்டு வருடம். அது முடிவதற்குள் சூப்பர்வைசர் மதிப்பெண் போட்டு ஒரு படிவம் அனுப்ப வேண்டும். படிவம் சரியாகப் போய்ச் சேர்ந்தால் பர்மனென்ட். சேராவிட்டால் ஒரு பூங்கொத்துகூட இல்லாமல் கேட்டுக்கு வெளியே. அவளுக்கு இன்னும் நான்கு மாதம் பாக்கி இருந்தது.

பர்மனென்ட் ஆவது எல்லோருக்கும் வேண்டியதுதான். அவளுக்கு அது வேறு கணக்கு. அவளுடைய அம்மாவின் கடைசித் தம்பி ஆனேக்கல் பக்கம் ரோஜாத் தோட்டம் வைத்திருந்தார். அவருக்குத்தான் அவள் என்று பிறந்த அன்றே பேசியாகிவிட்டது. ஓசூர்ப் பக்கத்தில் தாய்மாமனைக் கட்டுவது அதிசயமே இல்லை. ஆனால் இவள் மல்லுக்கட்டி வீட்டில் ஓர் ஒப்பந்தம் வாங்கியிருந்தாள். பர்மனென்ட் ஆகிவிட்டால் கல்யாணப் பேச்சை எடுக்கமாட்டார்கள். ஆகாவிட்டால் தை மாதம் முகூர்த்தம்.

"மாமா கெட்டவராடி?" என்று ஒருநாள் கேட்டேன்.

"சேச்சே, தங்கமான மனுசன்க்கா. ஆனா நான் சின்னப் புள்ளையா இருக்கறப்ப எனக்கு மூக்கு சிந்தி வுட்டவரு. அவரைப் போயி எப்பிடிக்கா?"



என் வேலையையும் சொல்லிவிடுகிறேன், இல்லாவிட்டால் வாரியம் எங்கிருந்து வந்தது என்று புரியாது. கம்பெனியில் உள்ள ஒவ்வொரு படிவத்துக்கும் ஓர் எண் உண்டு. அதைத் திருத்தும்போதெல்லாம் திருத்த எண் ஒன்று கூடும். எங்கேயும் பழைய திருத்தம் புழங்கக் கூடாது. அதைக் கண்ணில் விளக்கெண்ணெய் விட்டுக்கொண்டு பார்ப்பதுதான் என் உத்தியோகம். பழசைக் கண்டால் சிவப்பில் 'காலாவதி' என்று முத்திரை குத்தி, பக்கத்தில் பச்சை மையில் கையெழுத்தாக ஒரு சுழி சுழித்துத் திருப்பி அனுப்ப வேண்டும். அந்தக் கட்டடத்தில் பச்சை மை எனக்கு மட்டும்தான் அனுமதி. அதில் எனக்குக் கொஞ்சம் திமிரும் இருந்தது, இல்லையென்று சொல்லமாட்டேன்.

ஆக, கதை சொல் என்றதும் எனக்குத் தெரிந்தது இவ்வளவுதான். ஒரு நாடு. அங்கே எல்லோருக்கும் ஏதாவதொரு மந்திரம் தெரியும். அங்கே ராஜாவா அரக்கனா யார் ஆள்வது என்று அவள் கேட்டாள். எனக்கு ராஜாவையும் தெரியாது, அரக்கனையும் தெரியாது. "மாயக் கட்டுப்பாட்டு வாரியம்" என்றேன். அவள் சீட்டில் நிமிர்ந்து உட்கார்ந்துவிட்டாள்.

வாரியத்தின் அலுவலகம் மூன்றாவது மாடியில். மந்திரத்தால் ஏறும் லிப்டு ஒன்று உண்டு, அதற்கு இன்னும் அனுமதி வராததால் எல்லோரும் படியேறித்தான் போக வேண்டும். உறுப்பினர்கள் ஏழு பேர். ஏழு பேருக்கும் ஒரு மந்திரமும் தெரியாது. தெரிந்தவர்களைப் போட்டால் பாரபட்சம் வந்துவிடும் அல்லவா? பறக்கும் கம்பளத்துக்குப் பின்னால் சிவப்பு ஸ்டிக்கர் ஒட்ட வேண்டும். கண்ணுக்குத் தெரியாமல் மறையும் வித்தை தெரிந்தவர்கள், மறைந்த நிலையில் எடுத்த பாஸ்போர்ட் அளவுப் படம் இரண்டு பிரதி இணைக்க வேண்டும். சாபம் கொடுப்பதானால் ஒரு மாதம் முன்னறிவிப்பு. கிளியாக மாறுகிறவர்கள் கூட்டத்தில் உள்ள மற்ற கிளிகளிடம் ஆட்சேபணை இல்லை என்று எழுதி வாங்க வேண்டும்.

"கிளி எப்பிடிக்கா எழுதும்?"

"அது அவங்க பாடு. வாரியத்துக்கு என்ன கவலை?"

அவள் சிரித்த சிரிப்பில் பின் சீட்டில் தூங்கிக்கொண்டிருந்த டூல்ரூம் அண்ணன் விழித்துக்கொண்டு, "சாபத்துக்கு அப்பீல் உண்டா?" என்று கேட்டார். உண்டு, ஆனால் தவளையாக இருப்பவர் நேரில் வந்து கையெழுத்திட வேண்டும் என்றேன். அன்றிலிருந்து அவரும் காதைத் தீட்டிக்கொண்டுதான் வந்தார்.

கதைக்கு ஓர் ஆள் வேண்டுமே. ஒரு பெண்ணைக் கொண்டுவந்தேன். அவளுக்குத் தெரிந்தது ஒரே ஒரு மந்திரம். யார் நெற்றியைத் தொட்டாலும் தலைவலி போய்விடும். அவ்வளவுதான். அதைச் செய்வதற்கு உரிமம் கேட்டு அவள் வாரியத்துக்கு மனுப் போடுகிறாள். வாரியம் திருப்பி அனுப்புகிறது. மறுநாளும் போடுகிறாள், மறுநாளும் திருப்பி அனுப்புகிறது. கதை முழுக்க இதுதான். நான்கு மாதம் இதையே ஓட்டினேன்.

பஸ்ஸில் ஏறி உட்கார்ந்ததும் அவள் கேட்பாள்: "வாரியம் இன்னிக்கி இன்னா சொல்லுச்சி?"

நான் காரணம் சொல்ல வேண்டும். மனுவை நடந்து வந்து கொடுத்தாள், மந்திரம் தெரிந்தவள் பறந்து வந்திருக்க வேண்டும், அதனால் நிராகரிப்பு. தலைவலி குணமானவர்களிடம் சான்றிதழ் வாங்கி வந்தாள், தலைவலிதான் போய்விட்டதே, அது இருந்ததற்கு என்ன ஆதாரம், அதனால் நிராகரிப்பு. ஒருநாள் அவள் மனுவைப் படித்துப் படித்து வாரியத் தலைவருக்கே மண்டை வெடித்தது. ஐயோ பாவம் என்று அவள் அவர் நெற்றியைத் தொட்டாள். வலி பறந்துவிட்டது. உரிமம் இல்லாமல் மந்திரம் செய்ததாக அவள்மேல் வழக்கு.

இதற்கெல்லாம் என் பக்கத்து சீட்டுக்காரி கைதட்டுவாள். ஆனால் எதைச் சொன்னாலும் விழுங்குகிற ஆள் இல்லை. ஒருநாள் எனக்கு ஒன்றும் தோன்றவில்லை. மனுவைத் தைத்த நூல் வெள்ளையாக இருந்ததாம், கறுப்பாக இருக்க வேண்டுமாம், அதனால் நிராகரிப்பு என்று சொல்லிவைத்தேன். அவள் முகம் சுண்டிவிட்டது.

"சும்மா இருக்கா. அதுக்கெல்லாம் யாராச்சும் திருப்பி அனுப்புவாங்களா? வேற சொல்லு."

"வாரியம்னா அப்படித்தான்டி."

"லூசுத்தனமா இருந்தா ஒத்துக்கறேன்க்கா. இவ்ளோ சில்லறையா இருந்தா எப்பிடி? வேற சொல்லு."

வேறு சொன்ன பிறகுதான் விட்டாள். அதோடு ஒரு சட்டமும் போட்டாள். இனிமேல் வாரியம் வாயால் சொன்னால் செல்லாது, எழுதிக் கொடுக்க வேண்டும், அதில் 'காரணம்' என்று ஒரு வரி கட்டாயம் இருக்க வேண்டும். என் பையில் ரத்துசெய்த படிவங்கள் எப்போதும் கிடக்கும். அதன் பின்பக்கத்தில் பச்சைப் பேனாவால் வாரியத்தின் ஆணையை எழுதி, கீழே செயலாளர் என்று போட்டு என் சுழியைச் சுழித்துக் கொடுப்பேன். அவள் அதை நான்காக மடித்து டிபன் பைக்குள் வைத்துக்கொள்வாள். ஒன்றைக்கூட எறிந்ததில்லை.

இப்படிச் சந்தோஷமாகப் போய்க்கொண்டிருந்தபோதுதான் தரச் சான்றிதழுக்கான ஆடிட் வந்தது.

ஆடிட் என்றால் கம்பெனிக்கு ஊர்த் திருவிழா. செடிக்கெல்லாம் தொட்டி வரும், தொட்டிக்கெல்லாம் பெயின்ட் வரும். எங்கள் மேனேஜர் எல்லாப் படிவத்தையும் ஒரு சுற்றுத் திருத்தச் சொன்னார். என்ன திருத்தம் என்கிறீர்கள்? கம்பெனி லோகோ இடது மூலையில் இருந்தது, அதை வலது மூலைக்கு மாற்ற வேண்டும். தலைமை அலுவலகத்தில் யாருக்கோ அது அழகாகப் பட்டிருக்கிறது. மாற்றினேன். திருத்த எண் மூன்று நான்காயிற்று. ஒன்றாம் தேதிக்குப் பிறகு பழைய திருத்தத்தில் வரும் எந்தத் தாளும் ஏற்கப்படாது என்று பச்சை மையில் சுற்றறிக்கை விட்டேன். அந்தச் சுற்றறிக்கையின் கம்பீரத்தை நானே இரண்டு முறை படித்து ரசித்தேன்.

ஒன்றாம் தேதிக்குப் பிறகு கட்டுக்கட்டாகத் தாள்கள் வந்தன. பெயரைப் படிப்பது என் வேலை இல்லை, மேல் மூலையைப் பார்ப்பது என் வேலை. லோகோ வலதில் இருந்தால் உள்ளே, இடதில் இருந்தால் டப்பென்று ஒரு குத்து, ஒரு சுழி, வெளியே. சாப்பாட்டு நேரத்துக்கு முன்பு மூன்று கட்டு முடித்துவிட்டு, சபாஷ் என்று எனக்கே சொல்லிக்கொண்டு கேன்டீனுக்குப் போனேன்.

இரண்டு நாள் கழித்துக் காலையில் பஸ்ஸில் அவள் சொன்னாள்: "என் பர்மனென்ட் பேப்பரு திரும்பி வந்துருச்சிக்கா."

"ஏன்?"

"தெரியல. காரணம் ஒன்னியும் போடலை."

"சூப்பர்வைசர் என்ன சொல்றாரு?"

"அவரு ஊர்ல திருவிழான்னு போயிருக்காரு. பத்து நாள் ஆவுமாம்." சொல்லிவிட்டு என் முகத்தையே பார்த்துக்கொண்டிருந்தாள். பிறகு, "சரி, வாரியம் இன்னிக்கி இன்னா சொல்லுச்சி?" என்றாள்.

நான் பாட்டுக்கு ஏதோ ஒன்றைச் சொல்லிவைத்தேன். அவளும் சிரித்தாள்.

ஆபீசில் போய் உட்கார்ந்த பிறகுதான் என் சிவப்பு முத்திரை ஞாபகத்துக்கு வந்தது. திருப்பி அனுப்பிய தாள்களுக்கு ஒரு பதிவேடு உண்டு. எடுத்துப் புரட்டினேன். அசெம்பிளி லைன், டிரெய்னி மதிப்பீட்டுப் படிவம், திருத்தம் மூன்று, காலாவதி. பக்கத்தில் என் சுழி. அடிப்பாவி என்று வாய்விட்டே சொல்லிவிட்டேன். எதிர் மேஜைக்காரர் யாரைச் சொல்கிறேன் என்று நிமிர்ந்து பார்த்தார்.

லைனுக்கு ஓடினேன். சூப்பர்வைசர் மேஜையில் நான் திருப்பிய தாள்கள் எல்லாம் இருந்தன, அவளுடையது மட்டும் இல்லை. எங்கே போயிருக்கும் என்று அப்போது யோசிக்கத் தோன்றவில்லை. புதுப் படிவத்தில் நானே எழுதிவிடலாம், ஆனால் கையெழுத்து அவர்தான் போட வேண்டும். போன் போட்டால் அவர் ஊரில் சிக்னல் இல்லை. அவளுடைய இரண்டு வருடம் முடிய ஒன்பது நாள் இருந்தது. அவர் வர பத்து நாள்.

பர்மனென்ட் விஷயத்தைப் பார்க்கும் பர்சனல் ஆபீசருக்கு முன்னால் போய் நின்றேன். நல்ல மனிதர்தான்.

"நீங்கதானேம்மா சர்க்குலர் விட்டீங்க?"

"ஆமா சார்."

"நீங்களே பழைய பேப்பரை எடுத்துக்கோங்கன்னு வந்து நின்னா எப்படி?"

"ஒரே ஒரு கேஸ் சார். லோகோதான் சார் மாறியிருக்கு."

அவர் பேனாவை மூடிவைத்தார். "ஒண்ணு பண்ணுங்க. உங்க பக்கம் நடந்த தவறு, அதனால இந்தப் பழைய படிவத்தை விதிவிலக்கா ஏத்துக்கலாம்னு ஒரு லெட்டர் எழுதிக் கையெழுத்துப் போட்டுக் குடுங்க. பேப்பரை அப்புறம் தேடிக்கலாம், லெட்டரை வச்சு நான் இன்னிக்கே ஏத்துக்கறேன். ஆனா ஒண்ணு, அந்த லெட்டர் ஃபைல்ல இருக்கும். அடுத்த வாரம் ஆடிட்டர் வந்தா முதல்ல அதைத்தான் எடுப்பான். அப்புறம் உங்க மேனேஜர் உங்களைச் சும்மா விடமாட்டாரு, அதுக்கு நான் பொறுப்பில்லை."

எழுதித் தருகிறேன் என்று சொல்லிவிட்டு வந்தேன். எழுதவும் எழுதினேன். நான்கே வரி. பச்சை மையில் சுழிக்க வேண்டியதுதான் பாக்கி. அன்றைக்கு மேனேஜர் என் மேஜையைக் கடந்து போகும்போது, "இந்த ஆடிட்ல உன் டிபார்ட்மென்ட்ல ஒரு தப்பு வரக் கூடாது, சொல்லிட்டேன்" என்று விரலை ஆட்டிவிட்டுப் போனார். கடிதத்தை டிராயருக்குள் வைத்தேன். நாளைக்குக் கொடுக்கலாம் என்று நினைத்தேன். மறுநாளும் நாளைக்குத்தான் என்று நினைத்தேன். என் வேலை போனால் தேனிக்குத் திரும்பிப் போய் நான் என்ன செய்வேன் என்று எனக்கு நானே நியாயம் சொல்லிக்கொண்டேன். பயந்தாங்கொள்ளி என்பதற்கு மேல் இதில் சொல்ல ஒன்றும் இல்லை.

இத்தனைக்கும் பஸ் தினமும் ஆறு பத்துக்கு வந்தது. அவள் தினமும் கேட்டாள்: "வாரியம் இன்னிக்கி இன்னா சொல்லுச்சிக்கா?" நானும் தினமும் ஏதாவது சொன்னேன். முன்னைவிட ஜோராகவே சொன்னேன். டூல்ரூம் அண்ணன் கண்ணில் நீர் வரச் சிரித்தார்.

ஆடிட்டர் வந்தார். பதிவேட்டைப் புரட்டினார், திருப்பி அனுப்பிய தாள்களைப் பார்த்தார், இப்படியல்லவா இருக்க வேண்டும் என்று மேனேஜரிடம் சொன்னார். ஒரு குறையும் இல்லை. எல்லோருக்கும் மைசூர்பாக் கொடுத்தார்கள், எனக்கு மட்டும் இரண்டு. ஆடிட் முடிந்த அன்றே அவளுடைய இரண்டு வருடமும் முடிந்தது. டிராயரைத் திறந்து கடிதத்தைப் பார்த்தேன். இனி அதை யாரிடம் கொடுப்பது? கிழித்துப் போட்டேன்.

கணக்கு முடித்துக் கொடுக்கப் பர்சனல் ஆபீஸில் அவளை மேலும் மூன்று நாள் இழுத்தடித்தார்கள். கடைசி நாள் மூன்றரை மணிப் பஸ்ஸில் வழக்கம்போல ஜன்னலோரமாக உட்கார்ந்தாள். மடியில் டிபன் பை. மாமா வீட்டிலிருந்து பூ வைக்க ஞாயிற்றுக்கிழமை வருகிறார்களாம். சூப்பர்வைசர் ஊரிலிருந்து வந்து ரொம்ப வருத்தப்பட்டாராம். எல்லாவற்றையும் யாருக்கோ நடந்தது மாதிரி சொன்னாள். பாதி வழி வந்ததும் என் பக்கம் திரும்பினாள்.

"கதை முடியாமலே போறனேக்கா. அந்தப் பொம்பளைக்கு லைசென்ஸ் கெடச்சிச்சா இல்லியா?"

"கெடச்சிருச்சுடி. வாரியமே கூப்பிட்டுக் கொடுத்துருச்சு."

"பொய் சொல்லாத" என்றாள், சிரிக்காமல். "உன் வாரியம் அப்பிடியெல்லாம் குடுக்காது."

டிபன் பையைத் திறந்தாள். என் பச்சை மை ஆணைகள் எல்லாம் ரப்பர் பேண்டு போட்டு ஒரு கட்டாக இருந்தன. அதன் அடியிலிருந்து நான்காக மடித்த ஒரு தாளை உருவி என் மடியில் விரித்தாள். மதிப்பீட்டுப் படிவம். பத்துக்கு ஒன்பது, பத்துக்கு ஒன்பது, பத்துக்குப் பத்து. குறுக்கே சிவப்பில் காலாவதி. பக்கத்தில் பச்சைச் சுழி.

"இது நம்ம வாரியத்துக் கையெழுத்துதானேக்கா?"

நான் படிவத்தின் மடிப்பை நீவிக்கொண்டிருந்தேன்.

"வந்த அன்னிக்கே சூப்ரவைசர் டேபிள்லேர்ந்து எடுத்துக்கினு வந்துட்டேன். பன்னெண்டு நாளா பையிலதான் இருக்கு. நீயா சொல்லுவேன்னு தெனமும் கேட்டுப் பாத்தேன். நீ கதை சொல்லிக்கினே இருந்த."

கோபப்பட்டிருந்தால் பரவாயில்லை. திட்டியிருந்தால் காலில் விழுந்திருப்பேன். அவள் என் பையில் கைவிட்டுப் பச்சைப் பேனாவை எடுத்து என் விரல்களுக்கு நடுவில் வைத்தாள். படிவத்தின் அடியில் 'காரணம்' என்று ஒரு கட்டம் இருந்தது. நான்தான் அச்சடித்தது. காலியாக இருந்தது.

"கதையிலயாச்சும் ஒவ்வொரு வாட்டியும் காரணம் எழுதுன. இதுலயும் எழுதிக் குடுத்துரு. வீட்ல கேட்டா நான் இன்னான்னு சொல்றது?"

பஸ் மாட்டுப்பண்ணையைத் தாண்டிவிட்டது. எழுதினேன்: லோகோ இடது பக்கம் இருக்கிறது.

அவள் அதை வாங்கிப் படித்தாள். பின்பக்கம் திருப்பி இன்னும் ஏதாவது இருக்கிறதா என்று பார்த்தாள். மறுபடியும் முன்பக்கம் திருப்பினாள். மத்திகிரி நிறுத்தத்தில் பஸ் நின்றது. நானும் அங்கேதான் இறங்க வேண்டும், எழுந்திருக்க முடியவில்லை. அவள் எழுந்து, தாளை என் மடியிலேயே வைத்துவிட்டு, அன்று வெள்ளை நூலுக்குச் சொன்ன அதே குரலில் சொன்னாள்.

"அதுக்கெல்லாம் யாராச்சும் திருப்பி அனுப்புவாங்களாக்கா? வேற சொல்லு."

டிரைவர் ஹாரன் அடித்தார். படியில் ஒரு காலை வைத்துக்கொண்டு அவள் காத்திருந்தாள். என்னிடம் வேறு இல்லை.